டிரான்ஸ்ஃபர் ஆர்டர் வந்தால்: ஊழியர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

சென்னையிலும் அதைச் சுற்றியுள்ள தொழிற்பேட்டைகளிலும் வேலை பார்ப்பவர்கள் இடமாறுதல் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்கும் சந்தேகங்கள் இவை. கேள்விகள் கேட்டவர்களின் பேச்சிலேயே இருக்கின்றன. பெரும்பகுதி தனியார் நிறுவன ஊழியர்களுக்கானது. அரசு, வங்கிப் பணியாளர்கள் 14-ஆம் கேள்வியையும் பார்க்கவும்.

1. என்னைக் கேக்காமலே டிரான்ஸ்ஃபர் ஆர்டர் போட முடியுமா? நான் சம்மதிச்சாத்தானே செல்லும்?

பெரும்பாலும் போட முடியும். வேலையில் சேர்ந்தபோது கையெழுத்துப் போட்ட நியமன ஆணையை எடுத்துப் பாருங்கள். "நிறுவனத்தின் எந்தக் கிளைக்கும், எந்த ஊருக்கும் உங்களை மாற்றலாம்" என்கிற மாதிரி ஒரு வரி எங்காவது இருக்கும். அன்று போட்ட அந்தக் கையெழுத்துதான் சம்மதம். ஒவ்வொரு தடவையும் புதிதாகக் கேட்க வேண்டியதில்லை. இடமாறுதல் வேலையோடு ஒட்டியே வருவது என்றுதான் நீதிமன்றங்கள் நெடுங்காலமாகச் சொல்கின்றன.

அதற்காக அந்த அதிகாரம் கரையில்லாத ஆறு அல்ல. சம்பளமும் பதவியும் குறையக் கூடாது. முதலாளி மாறக் கூடாது. மாற்றத்துக்கு உண்மையான வேலைத் தேவை இருக்க வேண்டும். பழிவாங்குவதற்காகப் போட்டதாக இருக்கக் கூடாது. கீழே வரும் கேள்விகளில் பெரும்பாலானவை இந்த நான்கில் ஒன்றைச் சுற்றியவைதான்.

2. என் அப்பாயின்ட்மென்ட் ஆர்டர்ல அப்படி ஒரு வரியே இல்லை. அப்போ என்னை மாத்தவே முடியாதுன்னு அர்த்தமா?

அவசரப்பட்டு முடிவுக்கு வராதீர்கள். அடுத்துப் பார்க்க வேண்டியது நிறுவனத்தின் சான்றளிக்கப்பட்ட நிலையாணைகள், அதாவது அரசு அதிகாரி சான்றளித்த பணி விதிகள் (ஸ்டாண்டிங் ஆர்டர்ஸ்). 1946-ஆம் ஆண்டுச் சட்டப்படி 100 பேரோ அதற்கு மேலோ வேலை செய்த தொழிற்சாலைகளில் இவை இருக்க வேண்டியிருந்தது; இப்போது அந்த எண்ணிக்கை 300 (கேள்வி 20). அறிவிப்புப் பலகையில் இல்லையென்றால் பர்சனல் டிபார்ட்மென்டில் எழுதிக் கேளுங்கள். அடுத்து, சங்கத்தோடு போட்ட ஊதிய ஒப்பந்தம். அதற்கும் அடுத்து எச்.ஆர். கையேடு, நியமன ஆணையில் "அவ்வப்போது திருத்தப்படும் நிறுவன விதிகளுக்குக் கட்டுப்பட்டு" என்று இருந்தால் அந்தக் கையேட்டையும் நிர்வாகம் துணைக்கு அழைக்கும்.

மத்திய அரசின் வரம்பில் வரும் நிறுவனங்களுக்கான மாதிரி நிலையாணையில் நல்ல பாதுகாப்பு ஒன்று இருக்கிறது. ஊதியம், நிலை, பணித்தொடர்ச்சி பாதிக்கப்படாமல் ஒரே முதலாளியின் கீழ் மாற்றலாம். ஆனால் வேறு மாநிலத்துக்கு என்றால் தொழிலாளியின் சம்மதம் வேண்டும், இல்லாவிட்டால் நியமன ஆணையில் அதற்கென்றே வரி இருக்க வேண்டும். உங்கள் நிறுவன நிலையாணை இதே வாசகத்தில் எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள்.

எந்தக் காகிதத்திலும் எதுவும் இல்லை, நீங்கள் சேர்ந்தபோது நிறுவனத்துக்கு ஒரே ஒரு இடம்தான் இருந்தது என்றால் உங்கள் பக்கம் வலுவானது. 1960-இல் குந்தன் சர்க்கரை ஆலை வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. அம்ரோஹா ஆலையில் வேலைக்குச் சேர்ந்தவர்களை, முதலாளிகள் பிற்பாடு புலந்த்ஷஹரில் தொடங்கிய ஆலைக்கு மாற்றும் உரிமை தானாக வந்துவிடாது என்பது தீர்ப்பு.

3. அம்பத்தூர்ல இருந்து ஒரகடத்துக்குப் போகச் சொல்றாங்க. ஊர் மாறலையே, இதுவும் டிரான்ஸ்ஃபர்தானா?

இடமாறுதல்தான். ஆனால் ஊருக்குள்ளேயே, அதே சம்பளத்தில் என்றால் நீதிமன்றம் தடுப்பது அரிது. தினம் போக வர மூன்று மணி நேரம் பஸ்ஸில் கழிகிறது என்ற வாதம் உண்மையாக இருந்தாலும் அதனால் ஆணை ரத்தாகாது.

இந்த மாதிரி மாற்றத்தில் ஆணையை எதிர்ப்பதைவிட வசதிகளைக் கேட்பதுதான் பலன் தரும்: கம்பெனி பஸ் எந்த ரூட்டில் வரும், ஷிப்ட் நேரம் மாறுமா, கேன்டீன் உண்டா, இரவு ஷிப்ட் முடித்த பெண்களுக்கு வண்டி உண்டா. நெடுநாளாக இருந்த பஸ் வசதியைப் புது இடத்தில் நிறுத்திவிட்டால் அது தனிப் பிரச்சினை. வழக்கமாகத் தந்துவந்த சலுகையைப் பறிப்பது பணி நிபந்தனையை மாற்றுவதாகும். அதற்கு 21 நாள் முன்னறிவிப்பு தர வேண்டும். இடமாறுதலில் தோற்கிறவர்கள் இந்த அறிவிப்பு விஷயத்தில் ஜெயிப்பது உண்டு.

4. வாட்ஸ்அப்ல "திங்கட்கிழமை முதல் ஓசூர்"னு ஒரே ஒரு மெசேஜ். அது ஆர்டர் ஆகுமா?

மெசேஜ் என்பதாலேயே செல்லாது என்று சொல்ல முடியாது. மேலதிகாரி அனுப்பினாரா, நீங்கள் பார்த்தீர்களா என்பதெல்லாம் பின்னால் சாட்சியமாகும். ஆகவே பேசாமல் இருக்க வேண்டாம். அன்றைக்கே அலுவலக மின்னஞ்சலில் இப்படி எழுதுங்கள்: "இன்று வந்த செய்தியைப் பார்த்தேன். தேதி, பதவி, சம்பளம், யாரிடம் ரிப்போர்ட் செய்வது, பயணப்படி ஆகிய விவரங்களோடு எழுத்து மூலமான ஆணை தரவும்."

முறையான ஆணையில் இவை தவிர, இங்கிருந்து விடுவிக்கப்படும் தேதியும் சேர்வதற்கான அவகாசமும் இருக்கும். "தற்காலிகம்" என்று வாயால் சொன்னால், எத்தனை மாதம் என்பதை அதே மெயிலில் கேட்டு வையுங்கள். தற்காலிகம் என்று போனவர்கள் மூன்று வருடம் கழித்தும் அங்கேயே இருப்பது ஒன்றும் புதிதல்ல.

5. எத்தனை நாள் டைம் தரணும்? சாமான் ஏத்துற லாரி வாடகை யார் குடுக்கணும்?

தனியார் ஊழியர் அனைவருக்கும் பொதுவான ஒரே கணக்கு கிடையாது. மேலே 2-இல் சொன்ன மாதிரி நிலையாணை "நியாயமான" முன்னறிவிப்பும் சேரும் அவகாசமும் தர வேண்டும் என்கிறது. சாமான் ஏற்றும் செலவையும் சேர்த்த பயணப்படி தர வேண்டும். சில்லறைச் செலவுக்காக அதில் 50 சதவீதத்தையும் கூடுதலாகத் தர வேண்டும். மத்திய அரசு ஊழியருக்கு வீடு மாற்ற வேண்டிய தூரம் என்றால் 1,000 கி.மீ. வரை 10 நாள், அதற்கு மேல் 12 நாள், 2,000 கி.மீ. தாண்டினால் 15 நாள் அவகாசம். ஏழாவது ஊதியக் குழுவுக்குப் பிறகு அடிப்படை ஊதியத்தில் 80 சதவீதம் இடமாற்ற மானியமும் உண்டு. தனியார் நிறுவனத்தில் பேரம் பேசும்போது இந்தக் கணக்கை அளவுகோலாகக் காட்டலாம்.

லாரி, பேக்கிங் பில்களைப் பத்திரமாக வையுங்கள். இடமாறுதலுக்காக நிறுவனம் கொடுத்து, உண்மையிலேயே செலவான தொகைக்கு வருமான வரி கிடையாது. பில் இல்லாமல் மொத்தமாக வாங்கினால் சம்பளத்தோடு சேர்த்து வரி பிடித்துவிடுவார்கள்.

6. ஆர்டரைக் கையில வாங்காமலே இருந்துட்டா?

ஒன்றும் மிச்சமாகாது. "வாங்க மறுத்தார்" என்று இரண்டு பேர் கையெழுத்தோடு குறித்துக்கொள்வார்கள், பலகையில் ஒட்டுவார்கள், வீட்டு முகவரிக்குத் தபாலில் அனுப்புவார்கள். சரியான முகவரிக்குப் போன தபால் "மறுக்கப்பட்டது" என்று திரும்பினால், சேர்ந்ததாகவே எடுத்துக்கொள்ளப்படும். அதற்கு மேல், கீழ்ப்படியவில்லை என்று தனி மெமோவும் வரும். வாங்குங்கள். "ஆட்சேபணையோடு பெற்றுக்கொண்டேன்" என்று எழுதி, தேதியும் நேரமும் போட்டுக் கையெழுத்திடுங்கள்.

7. எனக்கு இது அநியாயம்னு தோணுது. போகாம வீட்ல இருந்துகிட்டே கேஸ் போடலாமா?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்க முடியும் என்றால் இதைப் படியுங்கள். கூடாது. நல்ல வழக்குகள் கெட்டுப்போவது இந்த இடத்தில்தான்.

1989-இல் குஜராத் மின்வாரிய வழக்கு. சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்ட ஊழியர், மனு கொடுத்திருக்கிறேன் என்று சொல்லிப் போகாமல் இருந்தார். வேலை போயிற்று. உச்ச நீதிமன்றம் நிர்வாகத்தின் பக்கம் நின்றது. மனு கொடுத்ததாலேயே ஆணை நின்றுவிடாது. ஆணை ரத்தாகும்வரை அல்லது தடை கிடைக்கும்வரை போய்ச் சேர வேண்டும், சேராவிட்டால் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கலாம் என்பது தீர்ப்பின் சாரம்.

நீங்கள் வீட்டில் இருக்கும் நாட்களில் நடப்பது இது: பழைய இடத்தில் பயோமெட்ரிக்கில் பெயர் எடுக்கப்பட்டிருக்கும். புது இடத்தில் ஆப்சென்ட். வேலை செய்யாத நாளுக்குச் சம்பளம் இல்லை. மூன்று கடிதம் வரும், பிறகு குற்றச்சாட்டுக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ), பிறகு உள்விசாரணை. அதுவரை "இந்த மாற்றம் நியாயமா" என்றிருந்த கேள்வி "இவர் ஏன் வேலைக்கு வரவில்லை" என்று மாறிவிடும். முதல் கேள்வியில் நிர்வாகம் பதில் சொல்ல வேண்டியிருந்தது. இரண்டாவதில் நீங்கள் சொல்ல வேண்டும்.

8. போய் ஜாயின் பண்ணிட்டா ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடாதா?

எழுதிக்கொடுத்துவிட்டுச் சேர்ந்தால் ஆகாது. சேரும் நாளில் ஜாயினிங் ரிப்போர்ட்டிலேயே இரண்டு வரி போதும்: "ஆணைக்குக் கட்டுப்பட்டு இன்று பணியில் சேர்கிறேன். இந்த இடமாறுதலுக்கு எதிரான என் ஆட்சேபணையையும் சட்டப்படியான என் உரிமைகளையும் விட்டுக்கொடுக்காமல் சேர்கிறேன்." ஒரு நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தர மறுத்தால் அதே நாளில் மின்னஞ்சலில் அனுப்புங்கள்.

ஒரு எச்சரிக்கை. சேர்ந்த பிறகு எட்டு மாதம் பேசாமல் இருந்துவிட்டு வழக்குப் போட்டால், அந்த இரண்டு வரியும் காப்பாற்றாது.

9. ஆட்சேபணை லெட்டர் எப்படி எழுதணும்? வக்கீல் நோட்டீஸ் அனுப்பிடலாமா?

முதல் கடிதம் உங்கள் கையால் போகட்டும். வக்கீல் நோட்டீஸில் தொடங்கினால் எச்.ஆர். கோப்பை மூடிவிட்டுச் சட்டப் பிரிவுக்கு அனுப்பிவிடும். அதன் பிறகு பேச ஆள் இருக்காது.

ஒரு பக்கம் போதும். ஆணையின் எண்ணும் தேதியும் முதலில். பிறகு உங்கள் சர்வீஸ், இப்போதைய வேலை. பிறகு ஆட்சேபணை, கனமானதிலிருந்து தொடங்கி: நியமன ஆணையில் அதிகாரம் இல்லை, பதவி குறைகிறது, இங்கேயே காலியிடம் இருக்கிறது, என்னைவிட ஜூனியர் இருக்கிறார், வீட்டில் டயாலிசிஸ் நோயாளி இருக்கிறார். ஒவ்வொன்றுக்கும் ஒரு தாள் இணைப்பு. கடைசியில் மாற்று வழி ஒன்றைக் கேளுங்கள்: ஆணையை ரத்து செய்ய வேண்டும், முடியாவிட்டால் ஏப்ரல் வரை தள்ளிவைக்க வேண்டும், அதுவும் முடியாவிட்டால் காஞ்சிபுரம், திருவள்ளூருக்குள் ஓர் இடம் தர வேண்டும். "மாட்டேன்" என்ற சொல்லைத் தவிர்த்துவிடுங்கள். அந்தச் சொல்லைத்தான் பிறகு குற்றச்சாட்டுக் குறிப்பாணையில் மேற்கோள் காட்டுவார்கள்.

கடிதத்தைத் தபாலிலும் அனுப்புங்கள். ரிஜிஸ்டர் தபால் 2025 செப்டம்பர் 1 முதல் ஸ்பீட் போஸ்ட்டோடு சேர்க்கப்பட்டுவிட்டது. கவுன்டரில் பதிவு வசதியையும் டெலிவரி அத்தாட்சியையும் கேட்டு வாங்குங்கள்.

10. இது பழிவாங்கத்தான்னு ஆபீஸ்ல எல்லாருக்கும் தெரியும். கோர்ட்ல எப்படி நிரூபிக்கிறது?

எல்லோருக்கும் தெரிந்ததை எவரும் வந்து சாட்சி சொல்ல மாட்டார்கள் என்ற இடத்திலிருந்து தொடங்குங்கள். உள்நோக்கம் உண்டு என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். அந்தப் பாரம் கனமானது. எழுபதுகளில், தமிழ்நாடு அரசின் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பா தன்னை வேறு பதவிக்கு மாற்றியதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனார். தன்னிச்சையான செயலும் சமத்துவமும் ஜென்மப் பகை என்ற புகழ்பெற்ற கொள்கை அந்த வழக்கில்தான் பிறந்தது. ஆனால் உள்நோக்கம் நிரூபணமாகவில்லை என்று அவர் மனு தள்ளுபடியானது.

பலன் தருவது தேதிப் பட்டியல். நீங்கள் பி.எஃப். பாக்கி பற்றிப் புகார் கொடுத்த நாள், மேலாளர் மெமோ கொடுத்த நாள், ஆணை வந்த நாள்: இவை மூன்று வாரத்துக்குள் அடுத்தடுத்து இருந்தால் அதுவே பேசும். அடுத்து, உங்கள் நாற்காலியில் இப்போது யார்? வேறு ஊரிலிருந்து ஒருவரை அதே வேலைக்குக் கொண்டுவந்தார்கள் என்றால் "இங்கே வேலை இல்லை" என்ற காரணம் விழுந்துவிடும். புது இடத்தில் உண்மையில் காலியிடம் இருந்ததா, அல்லது போய்ச் சேர்ந்த பிறகு உட்கார மேசைகூட இல்லையா? இதே கிரேடில் வேறு யாரையாவது மாற்றினார்களா, உங்களை மட்டுமா? பொதுத்துறை, அரசு என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு காலியிடப் பட்டியலும் கோப்புக் குறிப்பும் கேட்கலாம். பதில் தர 30 நாள். மனுவில், உள்நோக்கம் யாருடையது என்று பெயர் சொல்லி அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். "நிர்வாகம் பழிவாங்குகிறது" என்று பொதுவாக எழுதினால் அந்த வாதத்தைப் பரிசீலிக்கவே மாட்டார்கள்.

ஜெயித்த வழக்குகளும் உண்டு. பெயரில்லாப் புகாரின் பேரில் போட்ட மாறுதலை 2009-இல் சோமேஷ் திவாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தண்டிக்க வேண்டுமென்றால் விசாரணை நடத்தித் தண்டியுங்கள், தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தாதீர்கள் என்பது அதன் பொருள்.

11. நான் சங்கத்துல செயலாளர். கோரிக்கை மனு குடுத்த மறுமாசமே தூக்கிட்டாங்க.

நிர்வாகக் கொள்கை என்ற போர்வையில் தொழிலாளியைத் தீய எண்ணத்தோடு இடம் மாற்றுவது "நியாயமற்ற தொழில் நடைமுறை" என்று தொழில் தகராறு சட்டத்தின் ஐந்தாவது அட்டவணை பெயர் சொல்லியே குறிப்பிட்டது. புதிய சட்டத்திலும் (கேள்வி 20) அது இருக்கிறது. 10,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதம் போடலாம்.

சமரசப் பேச்சோ வழக்கோ நிலுவையில் இருக்கும்போது, அந்தத் தகராறோடு தொடர்புள்ள பணி நிபந்தனையைத் தொழிலாளிக்குப் பாதகமாக மாற்ற முன் அனுமதி வேண்டும். அப்போது கூடுதல் பாதுகாப்புப் பெறும் சங்க நிர்வாகி, அதாவது "பாதுகாக்கப்பட்ட தொழிலாளி" என்ற தகுதி தானாக வராது. சங்கம் ஆண்டுதோறும் பெயர்ப் பட்டியலை நிர்வாகத்துக்கு அனுப்ப வேண்டும். மொத்தத் தொழிலாளரில் ஒரு சதவீதம், குறைந்தது 5 பேர், அதிகம் 100 பேர். பட்டியல் அனுப்ப மறந்த வருடத்தில்தான் பெரும்பாலும் செயலாளருக்கு மாறுதல் வரும்.

12. நான் தனியா லேபர் ஆபீஸ்ல போய்க் கேஸ் குடுக்கலாமா?

பலர் தடுக்கி விழும் இடம் இது. வேலைநீக்கம், ஆட்குறைப்பு போன்றவற்றுக்குத்தான் தொழிலாளி தனியாளாகத் தொழில் தகராறு எழுப்ப முடியும். இடமாறுதல் அந்தப் பட்டியலில் இல்லை. சங்கமோ கணிசமான எண்ணிக்கையில் சக தொழிலாளர்களோ உங்கள் பிரச்சினையைத் தங்கள் பிரச்சினையாக எடுத்து மனு கொடுக்க வேண்டும். சங்கத் தீர்மான நகலையும் கையெழுத்துகளையும் முதல் நாளே இணையுங்கள். இல்லையென்றால் நிர்வாகத்தின் முதல் ஆட்சேபணையே அதுவாக இருக்கும்.

மாநில வரம்பில் வரும் நிறுவனம் என்றால் தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் போக வேண்டும். ஆணையர் அலுவலகம் தேனாம்பேட்டை டி.எம்.எஸ். வளாகத்தில் இருக்கிறது. வங்கி, காப்பீடு, துறைமுகம், ரயில்வே போன்றவை மத்திய வரம்பு. அவற்றுக்கு நுங்கம்பாக்கம் சாஸ்திரி பவனில் உள்ள மத்திய தொழிலாளர் அதிகாரிகள். தப்பான வாசலில் மனு கொடுத்து, இரண்டு மாதம் கழித்து "எங்கள் அதிகாரத்தில் இல்லை" என்று திரும்பி வருவதைப் பார்க்கலாம். அதற்குள் 7-இல் சொன்ன கடிதங்கள் வந்துகொண்டிருக்கும்.

13. நான் ஐ.டி.ல டீம் லீட். எனக்கும் இதெல்லாம் பொருந்துமா?

விசிட்டிங் கார்டில் உள்ள பதவிப் பெயர் முக்கியமல்ல, செய்யும் வேலைதான் முக்கியம். லீவு சாங்ஷன், அப்ரைசல், ஆள் எடுப்பது உண்மையில் உங்கள் கையில் இருந்தால் நீங்கள் நிர்வாகத் தரப்பு. பெயருக்கு லீட், நாள் முழுக்கக் கோடிங் என்றால் தொழிலாளி என்று வாதாட இடம் உண்டு. மேற்பார்வை வேலையே முதன்மை என்றால் சம்பள உச்சவரம்பு பார்க்கப்படும். பழைய சட்டத்தில் மாதம் 10,000 ரூபாய், புதியதில் 18,000.

தொழிலாளி வரையறைக்கு வெளியே போய்விட்டால் நிலைமை கடினம். முழுத் தனியார் நிறுவனத்தின் மீது இந்த விஷயத்துக்காக உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசு அமைப்புகளின் செயலை எதிர்க்கும் மனு) போட முடியாது. சிவில் நீதிமன்றமும் "இவரை இங்கேயே வேலைக்கு வைத்துக்கொள்" என்று பொதுவாக உத்தரவிடாது, அதிகபட்சம் நஷ்டஈடு. ஆகவே ஓ.எம்.ஆர். ஊழியர்களுக்கு உண்மையான ஆயுதம் பேச்சுவார்த்தைதான்: உள் வேலைவாய்ப்புப் பட்டியலில் சென்னை புராஜெக்ட் தேடுவது, வீட்டிலிருந்து வேலை, தேதியைத் தள்ளுவது. நோட்டீஸ் பீரியட் குறைப்பையும் அப்போதே எழுத்தில் கேளுங்கள்.

14. கவர்ன்மென்ட், பேங்க் ஊழியருக்கு எப்படி?

மத்திய அரசு ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்கும், மாநில அரசு ஊழியர்கள் நேரே சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் போகலாம். அரசு வங்கி அதிகாரிகளின் பணி விதிகளிலேயே, நாட்டில் எங்கு வேண்டுமானாலும் மாற்றலாம் என்று இருக்கிறது. கிளார்க்குகளுக்கு வங்கிகளும் சங்கங்களும் போட்ட இருதரப்பு ஒப்பந்தங்கள் பொருந்தும்.

இங்கே முக்கியம் வேகம். பழைய இடத்திலிருந்து ரிலீவ் ஆவதற்கு முன்பே மனு பட்டியலுக்கு வர வேண்டும். ரிலீவ் ஆன பிறகு தடை கிடைப்பது கடினம். பல துறைகளில் ஆணை ஏப்ரல், மே மாதத்தில் வரும். மே மாதம் உயர் நீதிமன்றத்துக்குக் கோடை விடுமுறை, விடுமுறைக் கால அமர்வு மட்டும் இருக்கும். பெரும்பாலான மனுக்களில் கிடைப்பதும் "மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்கவும்" என்ற உத்தரவுதான். அதைக் குறைத்து மதிப்பிடாதீர்கள். துறையே மனம் மாறுவதற்கு அது ஒரு சாக்கு.

15. வீட்டுக்காரர் சென்னையில, பசங்க பத்தாவது. இதைச் சொன்னா நிறுத்துவாங்களா?

கணவன் மனைவியை ஓரிடத்தில் வைக்க வேண்டும் என்பது அரசின் வழிகாட்டுதல், உரிமை அல்ல. 1993-இல் அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. தனியார் நிறுவனத்தை அந்த வழிகாட்டுதல் கட்டுப்படுத்தவே கட்டுப்படுத்தாது.

பிள்ளைகளின் படிப்புக்குக் கொஞ்சம் பலம் உண்டு. 1994-இல் சென்னை பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் கருப்பத் தேவன் வழக்கில், அவசரத் தேவை இல்லாதபோது கல்வியாண்டின் நடுவில் மாற்றக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம். அதனால் "மாற்றாதே" என்று கேட்பதைவிட "பரீட்சை முடியட்டும்" என்று கேட்பது எடுபடும். மாற்றுத்திறனாளிப் பிள்ளையைப் பராமரிக்கும் மத்திய அரசு ஊழியருக்கு வழக்கமான சுழற்சி மாறுதலிலிருந்து விலக்கு கேட்க வழி இருக்கிறது.

16. மேனேஜர் மேல பாலியல் தொல்லைப் புகார் குடுத்தேன். அவர் இங்கேயே இருக்கார், என்னை மாத்திட்டாங்க.

பணியிடப் பாலியல் தொல்லைத் தடுப்புக்கான 2013-ஆம் ஆண்டுச் சட்டப்படி, விசாரணை நடக்கும்போது புகார் கொடுத்த பெண்ணை அல்லது எதிர்த்தரப்பினரை வேறு இடத்துக்கு மாற்றும்படி, புகாரை விசாரிக்கும் நிறுவன உள் குழு பரிந்துரைக்கலாம்; ஆனால் அந்தப் பெண் எழுத்தில் கேட்டால்தான். மூன்று மாதம்வரை கூடுதல் விடுப்பும் கேட்கலாம். நீங்கள் கேட்காமலே உங்களை மாற்றியது அந்தச் சட்டத்தின் போக்குக்கே எதிரானது. உடனே குழுவுக்கு எழுதுங்கள், எதிர்த்தரப்பினரை மாற்றக் கோருங்கள்.

2020-இல் ஒரு பொதுத்துறை வங்கியின் பெண் அதிகாரி வழக்கை இதற்குக் காட்டலாம். முறைகேடுகளைப் பற்றியும் பாலியல் தொல்லை பற்றியும் புகார் செய்த அவரை இந்தூரிலிருந்து ஜபல்பூர் பக்கத்துக் கிளைக்கு மாற்றினார்கள். உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது; உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்து, மீண்டும் இந்தூரிலேயே அமர்த்தச் சொன்னது; 50,000 ரூபாய் செலவுத் தொகையும் விதித்தது. மகப்பேறு விடுப்பில் இருக்கும்போது வரும் மாறுதலுக்கும் தனிப் பாதுகாப்பு உண்டு: அந்த விடுப்புக் காலத்தில் பணி நிபந்தனையைப் பெண்ணுக்குப் பாதகமாக மாற்றக் கூடாது.

17. அதே முதலாளியோட இன்னொரு கம்பெனிக்குப் போகச் சொல்றாங்க. ஒரே குரூப்தானேங்கறாங்க.

பெயர்ப்பலகை ஒரே மாதிரி இருக்கலாம், சட்டத்தின் கண்ணில் அவை இரண்டு முதலாளிகள். உங்கள் சம்மதம் இல்லாமல் வேறு முதலாளியிடம் ஒப்படைக்க முடியாது என்பதை 1989-இல் ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. சில நியமன ஆணைகளில் "குழும நிறுவனங்களுக்கும்" என்று சேர்த்திருப்பார்கள், கவனியுங்கள்.

சம்மதிப்பதாக இருந்தால் பழைய சர்வீஸ் தொடரும், கிராஜுவிட்டி முதல் நாளிலிருந்து கணக்கிடப்படும் என்று இரண்டு நிறுவனமும் எழுதித் தர வேண்டும். ரிசைன் செய்துவிட்டு அங்கே புதிதாகச் சேரச் சொன்னால் கையெழுத்துப் போடாதீர்கள். உங்கள் பத்து வருடம் அந்த ஒரு தாளில் போய்விடும். பி.எஃப். கணக்கும் புதிய நிறுவனத்தின் எண்ணுக்கு மாற்றப்பட்டதா என்று பாருங்கள்.

18. சம்பளம் அதேதான், ஆனா மெஷின் ஷாப்ல இருந்த என்னை கோடவுன்ல மூட்டை எண்ணச் சொல்றாங்க.

சம்பளம் குறையவில்லை என்பது மட்டும் போதாது. இரண்டு பதவியும் சமமா என்பதை அந்தஸ்து, வேலையின் தன்மை, பொறுப்பு ஆகியவற்றை வைத்துப் பார்க்க வேண்டும் என்பது 1986-இல் மிதிலா பல்கலைக்கழக வழக்கில் வந்த தீர்ப்பு. பழைய வேலை, புது வேலை இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிக் கடிதத்தோடு இணையுங்கள். ஓவர்டைமும் உற்பத்தி ஊக்கத்தொகையும் போனால் கடைசி ஆறு மாத சம்பளச் சீட்டை வைத்து எவ்வளவு இழப்பு என்று கணக்குக் காட்டுங்கள்.

19. "சென்னை யூனிட்டை மூடறோம், புனே போ, இல்லேன்னா பேப்பர் போடு"ங்கறாங்க.

பேப்பர் போடாதீர்கள். உங்களை மாற்ற அவர்களுக்கு அதிகாரமே இல்லை என்றால் (கேள்வி 2), இங்கே வேலை இல்லாமல் போவது ஆட்குறைப்பு அல்லது மூடல். அதற்கு முன்னறிவிப்பும், முடித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 15 நாள் சராசரி ஊதிய இழப்பீடும் தர வேண்டும். நீங்களாக ராஜினாமா செய்தால் அந்த இழப்பீடு இல்லை. அதிகாரம் இருந்தாலும், அறுபது பேரையும் ஒரே நாளில் போக முடியாத ஊருக்கு மாற்றி, போகாதவர்களை நீக்குவது ஆட்குறைப்பை மறைக்கும் வழி என்று சங்கம் வாதிடலாம். அந்த வழக்கில் தனி மனிதரின் கடிதங்களைவிட அறுபது ஆணைகளும் ஒரே தேதியில் இருப்பது பெரிய சாட்சி.

20. புது லேபர் சட்டம் வந்துடுச்சே, இதுல எது மாறும்?

நான்கு தொழிலாளர் தொகுப்புச் சட்டங்கள் 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்தன. நிலையாணைக்கான எண்ணிக்கை 100-லிருந்து 300 ஆகிவிட்டது. நடுத்தரத் தொழிற்சாலை ஊழியருக்கு இது இழப்பு. எல்லா ஊழியருக்கும் நியமன ஆணை தருவது கட்டாயமாகியிருக்கிறது. அதில் இடமாறுதல் வரி புதிதாக முளைத்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்திடுங்கள். முன்பு அந்த வரி இல்லாமல் பத்து வருடம் வேலை பார்த்தவர்களுக்கு இது மிக முக்கியம். 21 நாள் அறிவிப்பு, நியாயமற்ற தொழில் நடைமுறை போன்றவை எண் மாறித் தொடர்கின்றன.

21. செக்யூரிட்டி வேலை. வடபழனி சைட்ல இருந்து எண்ணூருக்கு ஏஜென்சி மாத்துது. கேக்க முடியுமா?

உங்கள் முதலாளி ஏஜென்சிதான். சைட் மாற்ற அவர்களுக்கு அதிகாரம் உண்டு. கேட்க வேண்டியது வேறு. 12 மணி நேர டூட்டிக்கு ஓவர்டைம் வருகிறதா, பி.எஃப்., இ.எஸ்.ஐ. அதே எண்ணில் தொடர்கிறதா, சைட் கிடைக்கும்வரை "வெயிட் பண்ணு" என்ற நாட்களுக்குச் சம்பளம் உண்டா. கடைசியாகச் சொன்னதில்தான் பலர் ஏமாறுகிறார்கள். தினமும் ஏஜென்சி ஆபீஸுக்குப் போய், வேலைக்குத் தயார் என்று ஒரு மெசேஜாவது அனுப்பி வையுங்கள். இல்லாவிட்டால் நீங்களே நின்றுவிட்டதாக எழுதிவிடுவார்கள்.

22. நான் போகலை, டிஸ்மிஸ் பண்ணிட்டாங்க. இனிமே ஒண்ணும் இல்லையா?

இருக்கிறது. தொடர்ந்து வரவில்லை என்று சொல்லி, விசாரணை இல்லாமல் பெயரை வெட்டியிருந்தால் அது செல்லாது. நிலையாணையில் "எட்டு நாள் வராவிட்டால் வேலை போகும்" என்று இருந்தாலும் விளக்கம் கேட்டாக வேண்டும் என்று 1993-இல் டி.கே. யாதவ் வழக்கில் தீர்ப்பு. இப்போது இது வேலைநீக்கம் ஆகிவிட்டதால், 12-இல் சொன்ன தடை இல்லை. தனியாகவே தகராறு எழுப்பலாம். அந்த வழக்கில் மாறுதல் ஆணை சரியா என்பதையும் கிளப்பலாம்.

ஐந்து வருடம் முடித்திருந்தால் கிராஜுவிட்டியையும் கேட்டு வாங்குங்கள். மாறுதலுக்குக் கீழ்ப்படியாதது அதைப் பறிக்கக் காரணமாகாது; சொத்துச் சேதம், வன்முறை, ஒழுக்கக்கேடான குற்றம் போன்றவற்றுக்குத்தான் அந்த அதிகாரம். கடைசிச் சம்பளத்தின் அடிப்படையையும் பஞ்சப்படியையும் கூட்டி, 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, வருடங்களால் பெருக்குங்கள். 30 நாளுக்குள் வராவிட்டால் வட்டியோடு கேட்கலாம்.